விதி எழுதியாகிவிட்டது என்றால் பிறக்கும் நேரத்தை எப்படிக் குறிக்க முடியும்?

கேள்வி கேட்டவர் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறார். உடன் வேலை செய்யும் சீனத் தோழிக்கு இது நிறைமாதம். சோதிடரிடம் நாளும் நேரமும் குறித்து வாங்கி, அந்த நேரத்தில் அறுவை சிகிச்சையில் பிள்ளை பெறப் போகிறாராம். "பிறந்த நேரம்தான் தலைவிதி என்றால் அந்த நேரத்தை நாமே எப்படித் தேர்ந்தெடுக்க முடியும்? இவர்கள் விதியை நம்புகிறார்களா, இல்லையா? கோயிலில் குச்சி குலுக்க என்னையும் கூப்பிடுகிறார், போகலாமா?" என்று கேட்கிறார்.

நம்புகிறார்கள். ஆனால் அவர்கள் நம்பும் விதியோடு பேரம் பேசலாம். குறி கேட்பதே அந்தப் பேரத்தின் முதல் படி. இது அறுவை சிகிச்சை வந்த பிறகு தோன்றிய எண்ணம் இல்லை. சீன எழுத்தின் மிகப் பழைய சான்றுகளிலேயே இருக்கிறது. அங்கிருந்தே தொடங்குகிறேன்.

ஹெனான் மாநிலத்தில் உள்ள ஆன்யாங், ஷாங் அரசர்களின் கடைசித் தலைநகரம். கி.மு. 1250 வாக்கில் அங்கே வூ திங் என்ற அரசர் ஆண்டார். அவருடைய குறிகாரர்கள் ஆமையின் அடி ஓட்டையோ மாட்டின் தோள் எலும்பையோ எடுத்து, பின்பக்கம் சிறு குழிகள் தோண்டி, அதில் சூடு வைப்பார்கள். முன்பக்கம் விரிசல் விடும். அந்த விரிசலைப் பார்த்து அரசர் பலன் சொல்வார். கேள்வியையும் பலனையும், சில சமயம் கடைசியில் என்ன நடந்தது என்பதையும் அதே ஓட்டில் செதுக்கி வைத்தார்கள். பிற்காலத்தில் நிலத்தில் அகப்பட்ட இந்த எலும்புகளை 'டிராகன் எலும்பு' என்று மருந்துக் கடைகளில் அரைத்து விற்றார்கள். 1899இல் வாங் யீரோங் என்ற அறிஞர்தான் அதில் இருப்பது பழைய எழுத்து என்று கண்டுகொண்டார். இதுவரை ஒரு லட்சத்துக்கும் அதிகமான துண்டுகள் கிடைத்திருக்கின்றன.

அவற்றில் ஒன்று உங்கள் தோழியின் விஷயத்துக்கு மிக அருகில் வருகிறது. வூ திங்கின் மனைவி ஃபூ ஹாவ் கர்ப்பமாக இருக்கிறார். பிரசவம் நல்லபடி ஆகுமா என்று கேட்கிறார்கள். அரசர் விரிசலைப் பார்த்துவிட்டு, "திங் நாளில் பிறந்தால் நல்லது, கெங் நாளில் பிறந்தால் மிக நல்லது" என்கிறார். கீழே முடிவும் எழுதியிருக்கிறது: 31ஆம் நாள், ஜியா-யின் நாளில் பிறந்தது, நல்லதாக இல்லை, பெண். பெண் பிறந்ததை இப்படி எழுதியிருப்பது வருத்தமான விஷயம்தான். ஆனால் பிறக்கும் நாளைப் பொறுத்துப் பலன் மாறும் என்ற எண்ணம் 3,200 ஆண்டுகளுக்கு முன்பே இருந்ததற்கு இதைவிட நேரடியான சாட்சி கிடைக்காது. அந்த ஃபூ ஹாவ் படை நடத்திய பெண்மணி. அவருடைய கல்லறையைக் கொள்ளை போகாமல் முழுதாக 1976இல் கண்டெடுத்தார்கள்.

எலும்புகளில் இன்னொன்றும் தெரிகிறது. அரசருக்குப் பல்வலி வந்தால், எந்த மூதாதையரால் வந்தது என்று கேட்பார்கள். பிறகு அவருக்கு என்ன பலி கொடுக்கலாம், எத்தனை மாடு என்று கேட்பார்கள். மழை வரும் என்று ஒரு பக்கம், வராது என்று இன்னொரு பக்கம், இரண்டு விதமாகவும் கேட்டுப் பார்ப்பார்கள். எந்தக் கெட்ட சேதிக்கும் அடுத்த கேள்வி "சரி, இதற்கு என்ன செய்யலாம்" என்பதுதான்.

ஷாங்கை வென்ற சோவ் அரசமரபின் காலத்தில் வந்தது, உலகம் முழுக்க ஐ சிங் என்று தெரிந்த நூல். முழுக்கோடும் உடைந்த கோடுமாக ஆறு கோடுகள் சேர்ந்தால் ஓர் உருவம். மொத்தம் 64 உருவங்கள். 'யாரோ' (yarrow) என்ற செடியின் உலர்ந்த தண்டுகள் 50 எடுத்து, ஒன்றைத் தனியே வைத்துவிட்டு, மீதி 49ஐ இரண்டாகப் பிரித்து நான்கு நான்காக எண்ணிக் கழிப்பார்கள். ஒரு கோட்டுக்கு மூன்று முறை, ஆறு கோட்டுக்கு 18 முறை. பின்னால் மூன்று நாணயங்களைச் சுண்டும் எளிய முறை வந்தது. இரண்டும் ஒன்றே என்று பலர் நினைக்கிறார்கள். கணக்குப் போட்டால் அப்படி இல்லை. நாணயத்தில், மாறப்போகும் முழுக்கோடும் மாறப்போகும் உடைந்த கோடும் எட்டில் ஒன்று என்ற சம வாய்ப்பில் விழும். தண்டு முறையில் முன்னது 16இல் 3, பின்னது 16இல் 1. கணக்கில் ஆசை உள்ளவர்கள் உட்கார்ந்து சரிபார்த்துக்கொள்ளலாம், அழகான பயிற்சி.

இந்த நூலை எப்படிப் பயன்படுத்தினார்கள் என்பதற்கு எனக்கு மிகவும் பிடித்த இரண்டு சம்பவங்கள் உண்டு.

முதலாவது, லூ நாட்டின் அரசத்தாய் மு ஜியாங். தன் காதலனோடு சேர்ந்து சதி செய்து, அது தோற்று, கிழக்கு அரண்மனையில் காவலில் வைக்கப்பட்டார். உள்ளே போகும்போது குறி பார்த்தார்கள். 'பின்தொடர்தல்' என்ற உருவம் வந்தது. "நல்ல குறி, சீக்கிரம் வெளியே போய்விடுவீர்கள்" என்றார் குறிகாரர். மு ஜியாங் ஒப்புக்கொள்ளவில்லை. இந்த உருவம் குற்றமில்லை என்று சொல்வது நற்குணங்கள் உள்ளவருக்கு. நான் நாட்டைக் குழப்பினேன், என் நிலைக்குத் தகாததைச் செய்தேன், எனக்கு எப்படி இது பொருந்தும், நான் இங்கேதான் சாவேன் என்றார். கி.மு. 564இல் அங்கேயே இறந்தார். குறி நல்லதாக வந்தும், அது தனக்குப் பொருந்தாது என்று தன் நடத்தையை வைத்து முடிவு செய்த பெண். குறியின் பலன் கேட்பவரின் ஒழுக்கத்தைப் பொறுத்தது என்ற எண்ணம் பிறகு சீனச் சிந்தனை முழுவதும் ஓடுகிறது.

இரண்டாவது, சூ ஷீ. கன்ஃபூசிய மரபை அடுத்த எழுநூறு ஆண்டுகளுக்கு வடிவமைத்த பேரறிஞர். ஐ சிங் தத்துவ நூல் என்று எல்லோரும் பேசிக்கொண்டிருந்தபோது, அது முதலில் குறி நூல்தான் என்று துணிந்து சொன்னவர். 1195இல் அரசவையில் அதிகாரம் செலுத்திய ஒருவரைக் கண்டித்து நீண்ட மனு எழுதினார். அனுப்பினால் உயிருக்கே ஆபத்து என்று மாணவர்கள் கெஞ்சினார்கள், அவர் கேட்கவில்லை. கடைசியில் குறி பார்ப்போம் என்று ஒத்துக்கொண்டார். 'பின்வாங்குதல்' வந்தது. மனுவை எரித்துவிட்டார். இதைக் கோழைத்தனம் என்று சொல்ல எனக்கு மனம் வராது. இரண்டு பக்கமும் நியாயம் இருந்து, நெருங்கியவர்கள் பேச்சும் எடுபடாத இடத்தில், எல்லோரும் ஏற்கக்கூடிய ஒரு முடிவுக்கு அந்தக் குறி வழி செய்தது.

அடுத்தது பஞ்சாங்கம். உங்கள் தோழி போன சோதிடர் கையில் கண்டிப்பாக ஒன்று இருந்திருக்கும்: இன்று திருமணத்துக்கு நல்லது, கூரை போடக் கூடாது, பயணம் வேண்டாம் என்று நாளுக்கு நாள் சொல்லும் புத்தகம். இதன் வயதும் அதிகம். 1975இல் ஹூபெய் மாநிலத்தின் ஷுயிஹுதியில் ஒரு கல்லறையைத் திறந்தார்கள். கி.மு. 217 வாக்கில் இறந்த ஷீ என்ற கீழ்நிலை அரசு அலுவலர் அதில் கிடந்தார். உடன் புதைத்த மூங்கில் ஓலைகளில் சின் அரசின் சட்டங்கள் இருந்தன; அவற்றோடு நாள் பார்க்கும் சுவடிகளும் இருந்தன. சட்டமும் நல்ல நேரமும் அவருக்கு ஒரே வேலையின் இரண்டு கருவிகள்.

முறைகள் பெருகப் பெருகக் குழப்பமும் பெருகியது. ஹான் பேரரசர் வூ ஒரு நாளைக் குறிப்பிட்டு, அன்று பெண் எடுக்கலாமா என்று குறிகாரர்களைக் கூட்டிக் கேட்டாராம். ஏழு பள்ளிகள், ஏழு பதில். ஒருவர் ஆகலாம் என்றார், ஒருவர் ஆகாது என்றார், ஒருவர் பெருங்கேடு என்றார், இன்னொருவர் பெருநன்மை என்றார். வாதம் முடியாமல் போகவே பேரரசரே தீர்ப்புச் சொன்னார்: ஐந்து பூதக் கணக்கையே முதன்மையாக வையுங்கள். மரம், நெருப்பு, மண், உலோகம், நீர் என்ற அந்த ஐந்துதான் இன்றைய சீன சோதிடத்துக்கும் முதுகெலும்பு.

நாள் குறிப்பது விளையாட்டில்லை, அது ஆட்சியின் அதிகாரம். மிங் அரசமரபின் காலத்தில் பஞ்சாங்கத்தைப் போலியாக அச்சிட்டால் தலை போகும். சிங் காலத்தில் ஜெர்மானிய இயேசு சபைத் துறவி ஆடம் ஷால் வானியல் துறையின் தலைவராக இருந்தார். 1658இல் இறந்த ஒரு குழந்தை இளவரசனின் அடக்கத்துக்கு அந்தத் துறை தவறான நேரம் குறித்தது, அதனால்தான் தாயும் பின் பேரரசரும் இறந்தார்கள் என்று எதிரிகள் வழக்குப் போட்டார்கள். 1665இல் ஷாலுக்கு மரண தண்டனை. அந்த நேரம் பெய்ஜிங்கில் நிலநடுக்கம் வந்தது. அதை வானத்தின் எச்சரிக்கையாக எடுத்துக்கொண்டு அவரை விட்டார்கள். அவரோடு வேலை பார்த்த சீன வானியலாளர்கள் ஐந்து பேரை விடவில்லை, கொன்றார்கள். நேரம் குறிப்பதில் எத்தனை உயிர்கள் தொங்கிக்கொண்டிருந்தன என்பது அந்த ஐந்து பேரை நினைத்தால் தெரியும்.

இனி உங்கள் தோழி கேட்ட ஜாதகம். அதை எட்டெழுத்து என்பார்கள். பிறந்த ஆண்டு, மாதம், நாள், இரண்டு மணி நேரம் கொண்ட பொழுது, இந்த நான்குக்கும் இரண்டிரண்டு எழுத்து. நம்முடைய ஜாதகம் மாதிரி கோள்கள் எந்த வீட்டில் நிற்கின்றன என்று இதில் கட்டம் போடுவதில்லை. முழுக்க நாட்காட்டிச் சுழற்சியின் கணக்கு. 60 ஆண்டு, 12 மாதம், 60 நாள், 12 பொழுது என்று பெருக்கினால் 5,18,400 விதமான ஜாதகங்கள் வரும். தாங் காலத்தில் லி ஷூசோங் பெயரோடும், சோங் காலத்தில் ஷூ ஸிபிங் பெயரோடும் சேர்ந்து வளர்ந்த முறை இது. ஸிபிங் முறையில் நாளின் முதல் எழுத்துதான் ஜாதகருடைய 'தான்'. மற்ற ஏழு எழுத்தும் அதற்குத் துணையா, பகையா, சுமையா என்று பார்ப்பார்கள். நீர் குறைந்தால் பெயரில் நீர் தொடர்பான எழுத்து வைப்பார்கள். இங்கேயும் பாருங்கள், குறை தெரிந்த உடனே திருத்தம் வந்துவிடுகிறது.

சீனர்கள் இதை இரண்டாகப் பிரித்துச் சொல்வார்கள். பிறப்பிலேயே வந்தது மிங். காலப்போக்கில் ஏறி இறங்குவது யுன். ஜாதகத்தில் பத்து ஆண்டுக்கு ஒரு முறை மாறும். ஒரு பழமொழி உண்டு: ஒன்று மிங், இரண்டு யுன், மூன்று ஃபெங் சுயி, நான்கு பிறர் அறியாமல் செய்த தர்மம், ஐந்து படிப்பு. முதலாவது மட்டும்தான் கைக்கு எட்டாதது. இரண்டாவதற்குக் காத்திருக்கலாம், மற்ற மூன்றையும் நாமே செய்யலாம்.

அந்த நான்காவதைப் பற்றிய மிகப் பெரிய கதை யுவான் லியாவ்ஃபானுடையது. 1533இல் பிறந்தவர். கதை என்றாலும் சொன்னவர் அவரே, தன் மகனுக்காக எழுதி வைத்தது. சின்ன வயதில் தந்தை இறந்துவிட்டார். மருத்துவம் படி என்றார் தாய். ஒரு கோயிலில் கோங் என்ற முதியவரைச் சந்தித்தார். முதியவர் கணக்குப் போட்டு, நீ அரசுத் தேர்வு எழுதப் பிறந்தவன், மாவட்டத் தேர்வில் 14ஆவது, அடுத்ததில் 71ஆவது, அதற்கடுத்ததில் 9ஆவது வருவாய் என்றார். மூன்றும் அப்படியே வந்தன. பிறகு முழு ஆயுளுக்கும் எழுதிக் கொடுத்தார்: இன்ன பதவி, 53 வயதில் இன்ன மாதம் இன்ன நாள் மரணம், மகன் இல்லை. ஒவ்வொன்றாகப் பலிக்கப் பலிக்க யுவானுக்கு ஆசையே அற்றுப்போனது. எல்லாம் எழுதியாகிவிட்டது, எதற்குப் பாடுபட வேண்டும்?

1569இல் நான்ஜிங் பக்கத்தில் சிஷியா மலையில் யுன்கு என்ற சான் (ஜென்) பௌத்தத் துறவியைப் பார்க்கப் போனார். மூன்று நாள் இருவரும் கண் மூடாமல் எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். உன் மனதில் ஓர் எண்ணமும் எழவில்லையே, எப்படி என்று துறவி வியந்தார். என் விதி கணக்கிடப்பட்டுவிட்டது, நினைக்க ஒன்றுமில்லை என்றார் யுவான். துறவி சிரித்துவிட்டார்: "உன்னைப் பெரிய ஆள் என்று நினைத்தேன், நீ சாதாரண ஆள்தானா!" பெரும் நன்மை செய்தவனையும் பெரும் தீமை செய்தவனையும் கணக்குப் பிடித்து வைக்க முடியாது, இருபது ஆண்டாக நீ அந்தக் கணக்கை ஒரு மயிரிழைகூட அசைக்கவில்லை என்று சொல்லி, நன்மை தீமைகளை நாள்தோறும் எழுதி வைக்கும் பேரேட்டைக் கையில் கொடுத்தார்.

யுவான் 3,000 நற்செயல் செய்வதாக நேர்ந்துகொண்டார். அடுத்த ஆண்டுத் தேர்வில் 3ஆவது வரவேண்டியவர் முதலாவது வந்தார். கோங் சொன்ன கணக்கு அன்றுதான் முதன்முதலாகத் தவறியது. அவருடைய மனைவிக்கு எழுதத் தெரியாது; ஒவ்வொரு நல்ல காரியத்துக்கும் வாத்து இறகின் காம்பைச் சிவப்பு மையில் தோய்த்துப் பஞ்சாங்கத்தில் ஒரு வட்டம் வைப்பாராம். சில நாள் பத்துக்கும் மேல் வட்டம். 1581இல் மகன் பிறந்தான். 1586இல் மிக உயர்ந்த தேர்வில் தேறினார். பாவோதி மாவட்டத்துக்கு அதிகாரியாகப் போனபோது 10,000 நற்செயல் நேர்ச்சை பாக்கி இருந்தது. இத்தனையை எப்படிச் செய்வது என்று கவலைப்பட்டார். நிலவரியைக் குறைத்தாயே, அந்த ஒன்றே பத்தாயிரம் பேருக்குப் பயன், நேர்ச்சை முடிந்தது என்று கனவில் பதில் வந்ததாக எழுதுகிறார். 53 வயது நோயில்லாமல் கடந்தது. மகனுக்கு இதை எழுதும்போது அவருக்கு 69.

சோதிடம் பொய் என்று யுவான் எங்கும் சொல்லவில்லை. கோங்கின் கணக்கு சரி. மனிதன் அசையாமல் இருக்கும்வரை சரி. உங்கள் தோழியின் மனதிலும் இதே எண்ணம்தான் இருக்கும். பிறந்த நேரம் முக்கியம், அதனால்தான் அதில் கைவைக்க வேண்டும். தாய் தன் பிள்ளைக்காக முதன்முதலில் செய்யும் முயற்சி அது. குறித்து வாங்கிய நேரம் செல்லுமா, அது இயற்கைக்கு மாறானது ஆயிற்றே என்று சோதிடர்களுக்குள்ளேயே சண்டை உண்டு. செல்லும் என்பவர்கள், அந்த நேரத்தில் பிறக்க வேண்டும் என்பதும் அந்தப் பிள்ளையின் விதியே என்பார்கள். எனக்கு இந்த வாதத்தில் அக்கறையில்லை. மருத்துவர் சொல்லும் வாரங்களுக்குள் மட்டும் நேரம் குறிக்கச் சொல்லுங்கள். நல்ல நேரத்துக்காகப் பிரசவத்தை முன்னால் இழுப்பது குழந்தையின் நுரையீரலோடு விளையாடுவது.

இதையெல்லாம் ஏற்காத சீனர்களும் தொடக்கத்திலிருந்தே இருக்கிறார்கள். விதியை நம்பினால் உழவன் உழமாட்டான், அதிகாரி வேலை செய்யமாட்டான் என்று மோ ஸி என்ற பழைய சிந்தனையாளர் விதிக்கு எதிராகவே தனி அதிகாரங்கள் எழுதினார். மழைச் சடங்கு செய்து மழை வந்தால் என்ன பொருள்? ஒன்றுமில்லை, செய்யாமலே வருகிற மழையைப் போலத்தான் என்றார் ஷுன் ஸி என்ற கன்ஃபூசிய அறிஞர். ஆனாலும் சடங்கை நிறுத்தச் சொல்லவில்லை, அது மனித வாழ்க்கைக்கு ஓர் ஒழுங்கு என்று நினைத்தார். கி.பி. முதல் நூற்றாண்டில் வாங் சோங் சாங்பிங் போரை எடுத்துக்காட்டினார். கி.மு. 260இல் அங்கே சரணடைந்த சாவ் நாட்டு வீரர்கள் 4 லட்சம் பேரை உயிரோடு புதைத்ததாக வரலாறு சொல்கிறது. அத்தனை பேருக்கும் அன்றே சாக வேண்டும் என்று தனித்தனியாக எழுதியிருந்ததா? நாட்டின் விதி தனி மனிதனின் விதியை விழுங்கிவிடுகிறது என்பது அவர் கண்ட விடை. எந்த சோதிடரிடமும் கேட்கத் தகுந்த கேள்வி இது.

நவீன காலத்தில் மக்கள் சீனம் இதை மூடநம்பிக்கை என்று ஒடுக்கியது. 1980களுக்குப் பிறகு மெல்ல மெல்லத் திரும்பி வந்தது. கட்சி உறுப்பினர்களுக்கு இன்றும் தடைதான். உள்நாட்டுப் பாதுகாப்புத் துறையையே கையில் வைத்திருந்த சோ யோங்காங்குக்கு 2015இல் ஆயுள் தண்டனை விதித்தபோது, குறி சொல்பவராக அறியப்பட்ட ஒருவருக்கு அரசு ரகசிய ஆவணங்களைக் கொடுத்தார் என்பதும் நிரூபிக்கப்பட்ட குற்றங்களில் ஒன்று.

தைவானில் புள்ளிவிவரமே பேசுகிறது. பிள்ளை பெறப் பலர் விரும்பாத புலி ஆண்டான 2010இல் சுமார் 1,67,000 குழந்தைகள்; அதிர்ஷ்டம் என்று நம்பும் டிராகன் ஆண்டான 2012இல் சுமார் 2,29,000. பொருளாதாரம் போன்ற வேறு காரணங்களும் இதில் உண்டு. ஆனாலும் டிராகன் ஆண்டு வரும்போதெல்லாம் இந்த ஏற்றம் தெரிகிறது. நல்ல ஆண்டில் பிறந்த அத்தனை பிள்ளைகளும் பிறகு ஒரே ஆண்டில் பள்ளிச் சேர்க்கைக்கு வந்து நிற்பார்கள்.

ஹாங்காங்கில் ஊருக்கே சீட்டு எடுப்பார்கள். ஷா டின்னில் உள்ள சே குங் கோயிலில் புத்தாண்டின் இரண்டாம் நாள், 96 குச்சிகளில் ஒன்றை எடுப்பது வழக்கம். 2003இல் அரசு செயலர் ஒருவர் எடுத்தார், மிகக் கெட்டவற்றில் ஒன்றான 83ஆவது குச்சி வந்தது. அந்த ஆண்டு சார்ஸ் நோய் வந்து ஹாங்காங்கில் 299 பேர் இறந்தார்கள். சே குங், கொள்ளைநோயைத் தடுத்த தளபதி என்று வணங்கப்படுபவர். அதனால் மக்கள் மனதில் இது ஆழமாகப் பதிந்துவிட்டது. அதன்பின் அரசு அதிகாரிகள் எடுப்பதில்லை, கிராமப் பிரதிநிதிகள் அமைப்பின் தலைவர் எடுக்கிறார்.

கடைசிக் கேள்விக்கு வருகிறேன். தாராளமாகப் போங்கள். வாட்டர்லூ தெருவில் குவான் யின் கோயிலும் கிருஷ்ணன் கோயிலும் அடுத்தடுத்து இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். சீனர்கள் இங்கே கும்பிட்டுவிட்டு அங்கேயும் வந்து ஊதுபத்தி ஏற்றுகிறார்கள். நீங்கள் அங்கே போவதை யாரும் வித்தியாசமாக நினைக்கமாட்டார்கள். மண்டியிட்டு, மனதுக்குள் பெயரும் கேள்வியும் சொல்லி, மூங்கில் குவளையைச் சாய்த்துக் குலுக்குங்கள். ஒரே ஒரு குச்சி விழ வேண்டும். இரண்டு விழுந்தால் திரும்பப் போட்டுவிட்டு மறுபடி குலுக்க வேண்டும். பிறகு பிறை வடிவில் இருக்கும் இரண்டு கட்டைகளைப் போட்டு, இந்தக் குச்சிதானா என்று கேட்பார்கள். ஒன்று தட்டைப்பக்கமும் ஒன்று வளைந்த பக்கமும் மேலே தெரிந்தால் ஆமாம். இரண்டிலும் தட்டைப்பக்கம் மேலே இருந்தால் தெய்வம் சிரிக்கிறது, கேள்வி தெளிவாக இல்லை என்பார்கள். இரண்டிலும் வளைந்த பக்கம் மேலே இருந்தால் இல்லை. ஆமாம் வந்ததும் குச்சியின் எண்ணுக்குரிய சீட்டை வாங்கிக்கொள்ளலாம். அதில் ஒரு பழங்கதையைச் சுட்டும் நான்கு வரிச் செய்யுள் இருக்கும். சிங்கப்பூரில் பல கோயில்களில் ஆங்கில விளக்கமும் கிடைக்கும்.

ஒரே ஒரு கேள்வி கேளுங்கள், அதுவும் உண்மையிலேயே முடிவெடுக்க முடியாமல் தவிக்கும் ஒன்றாக இருக்கட்டும். சந்தேகத்தைத் தீர்க்கத்தான் குறி, சந்தேகமே இல்லாதபோது எதற்குக் குறி என்று அவர்களுடைய பழைய வரலாற்று நூலிலேயே ஒரு தளபதி சொல்கிறார். சீட்டு கெட்டதாக வந்தால் பயப்பட வேண்டாம், அது எச்சரிக்கை மட்டுமே. கோயிலுக்கு வெளியே யாராவது உங்கள் முகத்தைப் பார்த்து, பெரிய கண்டம் இருக்கிறது, கழிக்க இவ்வளவு பணம் ஆகும் என்று ஆரம்பித்தால் மட்டும் நிற்காதீர்கள், நேராக நடந்து வந்துவிடுங்கள்.